காலி ஜெயிலிலிருந்து வந்த சட்டைகள்

பிப்ரவரி 9

கத்திரி,

பஸ் நிலையத்துல நாம போட்ட சண்டைக்கு அப்புறம் நீ எழுதலை, நானும் எழுதலை. யார் முதல்ல எழுதறதுன்னு பார்த்துக்கிட்டிருந்தா ரெண்டு பேருக்கும் தலை நரைச்சிடும்னு அம்மா சொல்றா. எனக்கு ஏற்கெனவே ஆரம்பிச்சாச்சு, அதனால நான் எழுதறேன். சமாதானத்துக்கு வந்துட்டேன்னு நினைச்சுக்காதே. எனக்கு எடிட்டர் வேணும். இங்க மிச்சமிருக்கிற எடிட்டருங்க எல்லாம் அமைச்சர் ரிப்பன் வெட்டறதை வெட்டி ஒட்டிக்கிட்டிருக்காங்க.

நம்ம போன படத்தைத் தடை பண்ணினதும் நீ வெளிநாட்டுக்குப் பெட்டியைக் கட்டினே. "உன் படத்தை நாலு பேர் பார்க்கறாங்க, நாற்பது பேர் மாட்டிக்கறாங்க"ன்னு போற போக்குல ஒரு வார்த்தை விட்டுட்டுப் போனே. அது இன்னும் தைக்குது. தைக்கட்டும். விஷயத்துக்கு வர்றேன்.

ரயில் பாதையைத் தாண்டி ஒரு பழைய ஜெயில் இருக்கே, ஞாபகம் இருக்கா? அதை மூடி வருஷக்கணக்காச்சு, உள்ளே ஈ காக்கா கிடையாதுன்னு அரசாங்கம் சொல்லுது. வீடு புகுந்து இழுத்துட்டுப் போன ஆளுங்க எங்கேன்னு கேட்டா, "நாங்க யாரையும் பிடிக்கலையே"ங்கறாங்க. ஆனா வியாழக்கிழமை காலையில அந்த ஜெயிலோட பக்கச் சுவர்ல ஒரு சின்ன ஜன்னல் திறக்குது. பொம்பளைங்க வரிசையா நிக்கறாங்க. துவைச்ச துணி ஒரு பையில உள்ளே போகுது, அழுக்குத் துணி ஒரு பையில வெளியே வருது. ரசீது கிடையாது, ஒரு பேச்சு கிடையாது.

காலி ஜெயில்லேர்ந்து அழுக்குத் துணி எப்படிடி வரும்? இதுதான் படம்.

அவங்க வீட்டுக்குப் போய் அந்தப் பையைப் பிரிக்கிறதை எடுத்துக்கிட்டிருக்கேன். மூணு பேர் சம்மதிச்சிருக்காங்க. ஒருத்தங்க தையல்காரம்மா. மகன் அச்சகத்துல வேலை பார்த்தான், தேர்தலை ஏன் தள்ளிப்போட்டீங்கன்னு கேட்டு ஒரு நோட்டீஸ் அடிச்சான், அவ்வளவுதான். இன்னொருத்தி நர்ஸ், அவளோட தம்பி உள்ளே. மூணாவது ஒரு டீச்சர், அவங்க வீட்டுக்காரர் வக்கீல். இந்த மாதிரி ஆளுங்களுக்காக வாதாடப் போய் அவரே உள்ளே போயிட்டார். யாரோட முகமும் தெரியாது, கையும் துணியும் மட்டும்தான்னு மூணு பேருக்கும் வாக்குக் கொடுத்திருக்கேன்.

போன்ல பேசினா மூணாவதா ஒருத்தன் மூச்சு விடற சத்தம் கேக்குது. அதனால இனிமே கடிதம்தான். இதைக் கொண்டுவர்றவர் பல் டாக்டர், அங்க ஒரு கல்லூரியில பாடம் நடத்த அடிக்கடி வர்றார். நம்பலாம். அவர் பையில பிளாஸ்டர் தாடைங்க இருக்கும். கீழ்த்தாடையில கடைவாய்ப் பல்லைத் திருகிப் பாரு, மெமரி கார்டு இருக்கும்.

செய்வியா மாட்டியான்னு மட்டும் எழுது. நலம் விசாரிப்பெல்லாம் அம்மா பார்த்துக்குவா.

அக்கா


மார்ச் 1

அக்காவுக்கு,

செய்கிறேன்.

இந்த ஒரு வார்த்தையோடு நிறுத்தியிருந்தால் உனக்குச் சரியாக இருந்திருக்கும். ஆனால் பஸ் நிலையத்தில் அத்தனை பேர் முன்னால் என்னை "ஓடுகாலி" என்றவள் நீ. எனக்கும் தைத்தது. இங்கே மெத்தை விளம்பரங்களுக்கு எடிட்டிங் செய்து வயிறு வளர்க்கிறேன். ஒரு பெண் மெத்தையில் விழுகிறாள், சிரிக்கிறாள், தூங்குகிறாள். நாளெல்லாம் அவளைத் தூங்க வைத்துவிட்டு நான் தூக்கம் இல்லாமல் கிடக்கிறேன்.

பல் டாக்டர் நல்ல மனிதர். விமான நிலையத்தில் சுங்க அதிகாரி அந்தத் தாடையைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாராம். இவருக்கு உயிரே இல்லை. கடைசியில் அந்த ஆள் தன் வாயைத் திறந்து, "டாக்டர், இந்தப் பல் ராத்திரியெல்லாம் குத்துது, பிடுங்கிடணுமா?" என்று கேட்டாராம். பிடுங்க வேண்டாம், வேர் சிகிச்சை போதும் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார்.

நீ எடுத்ததை எல்லாம் பார்த்துவிட்டேன். தையல்காரம்மா தன் மகனின் சட்டையைப் படிக்கும் இடம் இருக்கிறதே, அதைப் பார்த்துவிட்டு எழுந்து போய் முகம் கழுவி வந்தேன். காலரைத் திருப்பிப் பார்க்கிறார். "கழுத்துல அழுக்கு இருக்கு, வெயில்ல நடக்க விடறாங்க போல" என்கிறார். இடது கை முட்டியில் மட்டும் துணி தேய்ந்திருக்கிறது. "தரையில ஒருக்களிச்சுப் படுக்கறான்." பிறகு ஒரு பித்தான் மாறியிருப்பதைக் கண்டுபிடிக்கிறார். "இது நான் தைச்சது இல்லை. உள்ளே யாரோ ஊசி வச்சிருக்காங்க." அந்தக் குரலில் வந்த நிம்மதியை எந்த நடிகையாலும் கொண்டுவர முடியாது.

ஆனாலும் ஒன்று சொல்லியாக வேண்டும். நீ கோபப்படுவாய், படு. முகம் இல்லாமல் இந்தப் படம் நிற்காது. கை யாருடைய கையாகவும் இருக்கலாம், சட்டை எந்தக் கடையிலும் வாங்கியதாக இருக்கலாம். அரசாங்கம் ஒரே வரியில் ஊதித் தள்ளிவிடும். பார்க்கிறவனுக்கு ஒரு கண்ணாவது தெரிய வேண்டும். நர்ஸ் வீட்டு அலமாரிக் கண்ணாடியில் அவள் முகம் ஓர் இடத்தில் தெரிகிறது. அந்த ஒரு கணத்தில் மொத்தப் படமும் உயிரோடு எழுந்து உட்கார்கிறது. அதை வைத்துக்கொள்ளட்டுமா?

அந்த ஜன்னலும் வேண்டும். ஜன்னலைக் காட்டாமல் துணி எங்கிருந்து வந்தது என்று எப்படிச் சொல்வது?

கத்திரி


மார்ச் 20

கத்திரி,

உன் கடிதம் செய்தி வாசிக்கிற மாதிரி இருக்கு. அங்க போனதும் தமிழ் சுத்தமாயிடுச்சு, புத்திதான் கெட்டுப்போச்சு.

கண்ணாடியில தெரியற அந்த முகத்தைத் தூக்கு. முதல் வேலையா அதைச் செய். நான் கவனிக்காம விட்டது, அது உனக்குக் கிடைச்ச புதையல் இல்லை. அந்த நர்ஸ் அரசாங்க ஆஸ்பத்திரியில வேலை பார்க்கறா. டீச்சர் அரசாங்கப் பள்ளிக்கூடம். முகம் தெரிஞ்ச மறுநாள் வேலை போகும், அதோட விட்டா புண்ணியம். போன படத்துக்கு ஒளிப்பதிவு பண்ணினாரே நம்ம ஆளு, அவரை இப்ப எவனும் கேமராவைத் தொட விடறது இல்லை. லாரி ஓட்டறார். உனக்குத் தெரியுமா? நீ அங்க ஜன்னலைத் திறந்து வச்சுக்கிட்டுத் தூங்கறே. "முகம் வேணும், கண்ணு வேணும்"னு கேக்கறது சுலபம். மூணு பேருக்கு வாக்குக் கொடுத்தவ நான். அவங்க வீட்டுல உட்கார்ந்து தண்ணி வாங்கிக் குடிச்சவ நான்.

ஜன்னல் விஷயத்துல நீ சொன்னது சரி. அதை எடுத்துட்டேன். எப்படின்னு கேளு.

ஒரு துணிப் பையை நிரப்பினேன். நடுவுல சின்ன கேமரா, பையில ஒரு தையல் பிரிஞ்ச இடம், அதுக்கு நேரா லென்ஸ். தையல்காரம்மாவே அப்படித் தைச்சுக் கொடுத்தாங்க. வாழ்க்கையில முதல் தடவையா வேணும்னே மோசமாத் தைக்கிறேன்னு சொல்லிச் சிரிச்சாங்க. வரிசையில நின்னேன். என் முறை வந்துச்சு. ஜன்னலுக்குப் பின்னாடி கண்ணாடி போட்ட ஒரு ஆளு.

"யாருக்கு?"

யாருக்குன்னு கேப்பாங்கன்னு எனக்குத் தோணவே இல்லை. வாய்க்கு வந்தது நம்ம செத்துப்போன சித்தப்பா பேரு. சொன்னேன். அவன் உள்ளே திரும்பிக் கத்தினான். உள்ளேர்ந்து இன்னொருத்தன் பதில் கத்தினான். இவன் பையை என் பக்கம் தள்ளிட்டுச் சொன்னான்: "அந்தப் பேர்ல இங்க ஆள் இல்லைம்மா. மத்தவங்க பேரு எல்லாம் சரியா இருக்கு. அடுத்தது."

எல்லாம் பதிவாகியிருக்கு, சத்தத்தோட. மத்தவங்க பேரு எல்லாம் சரியா இருக்காம். அரசாங்கம் ஊரெல்லாம் மைக் வச்சுக் காலி காலிங்குது, அரசாங்கத்தோட ஆளே ஜன்னல்ல உட்கார்ந்து வருகைப் பதிவு சொல்றான். சித்தப்பா உயிரோட இருந்தப்ப யாருக்கும் ஒரு உதவியும் பண்ணினது இல்லை. இப்ப பண்ணிட்டார்.

முகம் கிடையாது. இதுல பேச்சே இல்லை.

அக்கா


ஏப்ரல் 12

அக்கா,

கண்ணாடியில் தெரிந்த முகத்தை எடுத்துவிட்டேன். மூலக் கார்டிலிருந்தும் அழித்துவிட்டேன். உன் வாக்கு என் வாக்கும்தான்.

ஒளிப்பதிவாளர் லாரி ஓட்டுவது எனக்குத் தெரியாது. அன்று முழுவதும் வேலை ஓடவில்லை.

சித்தப்பா காட்சியை என் அறையில் கூட இருக்கும் பெண்ணுக்குப் போட்டுக் காட்டினேன். அவளுக்கு நம் மொழி ஒரு சொல் தெரியாது. அர்த்தம் சொன்னதும் நாற்காலியிலிருந்து விழுந்து சிரித்தாள். பிறகு சிரிப்பு நின்று, "அப்படியென்றால் உள்ளே எத்தனை பேர்?" என்று கேட்டாள். பார்க்கிற எல்லோரும் இதே வரிசையில்தான் போவார்கள். முதலில் சிரிப்பு, பிறகு அந்தக் கேள்வி. அப்படியே அமைத்திருக்கிறேன்.

படத்தின் முதல் வடிவத்தை இதோடு அனுப்புகிறேன். மேல்தாடை, முன் பல். நீ கேட்டபடியே, முகமே இல்லாமல். டீச்சர் பையைப் பிரிக்கும் இடத்தை நீளமாக விட்டிருக்கிறேன். மற்ற இருவரும் துணியைப் பார்த்துப் பேசுகிறார்கள். அவர் பேசுவதே இல்லை. சட்டையை எடுக்கிறார், முகர்கிறார், மடித்து வைக்கிறார். மறுபடி பிரித்து முகர்கிறார். ஏன் என்று எனக்குப் புரியவில்லை, ஆனால் கத்திரி வைக்க மனம் வரவில்லை.

ஒரு யோசனை. திட்டாமல் கேள். முகம் வேண்டும் என்று நான் முடிவு செய்யக் கூடாது, சரி. வேண்டாம் என்று நீ மட்டும் எப்படி முடிவு செய்யலாம்? வாக்கு கொடுத்தது நீ, வாங்கியவர்கள் அவர்கள். அதைத் திருப்பிக் கொடுப்பதா வைத்துக்கொள்வதா என்று அவர்கள்தானே சொல்ல வேண்டும். படத்தை அவர்களுக்குப் போட்டுக் காட்டு. என்ன சொல்கிறார்களோ அதுதான். ஒருவர் மாட்டேன் என்றாலும் அவரிடம் நான் ஒரு சொல் வாதாட மாட்டேன்.

அம்மாவுக்கு என் அன்பைச் சொல். நலம் விசாரிப்பு அம்மாவின் துறை என்று நீதான் எழுதினாய்.

கத்திரி


மே 18

கத்திரி,

போட்டுக் காட்டினேன்.

தையல்காரம்மா கடைக்குப் பின்னாடி ஒரு அறை, துணிச் சுருளுங்க அடுக்கி வைக்கிற இடம். மத்தியானம், கடை நல்லா நடந்துக்கிட்டிருக்கிற நேரம். முன்னாடி எல்லா மெஷினையும் ஓட்டச் சொல்லிட்டாங்க. அந்தத் தடதடப்புல உள்ளே குண்டு வெடிச்சாலும் வெளியில கேக்காது. சுவர்ல ஒரு வெள்ளைத் துணி. மூணு பேரும் துணிச் சுருள் மேல உட்கார்ந்து பார்த்தாங்க.

முடிஞ்சதும் முதல்ல நர்ஸ்தான் பேசினா. "என் நகம் இவ்வளவு அசிங்கமாவா இருக்கு? சொல்லியிருந்தா வெட்டிட்டு வந்திருப்பேனே." எல்லாரும் சிரிச்சோம். அப்புறம் நான் கேட்டேன், உன் பேர்லயே கேட்டேன்: "வெட்டி ஒட்டறவ முகம் வேணுங்கறா. நான் வேண்டாங்கறேன். நீங்க சொல்லுங்க."

தையல்காரம்மா யோசிக்கவே இல்லை. "என் பிள்ளையை ஒளிச்சு வச்சிருக்கிறது அவங்க. முகத்தை ஒளிக்க வேண்டியதும் அவங்க. நான் எதுக்கு ஒளியணும்? கையை மட்டும் காட்டினா நானே ஏதோ திருடிட்டு நிக்கற மாதிரி இருக்கு."

"வேலை?"ன்னு நான் நர்ஸைப் பார்த்தேன்.

"வார்டுல ஆள் இல்லாம தவிக்கறாங்க. என்னைத் தூக்கினா அந்தப் பெரிய டாக்டரே ஊசி போடணும். அவருக்கு நரம்பு தேடத் தெரியாது"ன்னா. அப்புறம் கொஞ்சம் மெதுவா, "போனா போகட்டும்க்கா. தம்பி வெளியில வந்து, நீ என்ன பண்ணினேன்னு கேட்டா, நகத்தைக் காட்டினேன்னு சொல்ல முடியுமா?"

டீச்சர் மாட்டேன்னுட்டாங்க. யாரும் ஏன்னு கேக்கலை, அவங்களாவே சொன்னாங்க. "உங்களுக்கெல்லாம் அழுக்குத் துணி வருது. எனக்குச் சுத்தமா வருது. நான் கொடுத்த சட்டை துவைச்ச மாதிரியே திரும்பி வருது. அவர் போட்டுக்கறாரா இல்லையான்னே தெரியலை. ஆள் இருக்காரா இல்லையான்னே..." அதுக்கு மேல போகலை. "அவர் இருக்கார்னு தெரியற வரைக்கும் என் முகத்தை யாருக்கும் காட்ட என்னால முடியாது. கை இருக்கட்டும்."

தையல்காரம்மா அவங்க கையைப் பிடிச்சு மடியில வச்சுக்கிட்டாங்க. "இந்தக் கை போதும். நாங்க ரெண்டு பேரும் வாயால பேசறதை இது பேசிடும்."

அடுத்த நாளே ரெண்டு பேரையும் முகத்தோட எடுத்துட்டேன். உள்ளே இருக்கிறது யாரு, எப்ப பிடிச்சாங்க, வியாழக்கிழமை என்ன கொடுக்கறோம், என்ன வாங்கறோம். கேமராவை நேராப் பார்த்துப் பேசறாங்க. பார்த்தா உனக்கே தெரியும். நீதான் ஜெயிச்சே, ரொம்ப ஆடாதே.

நம்ம வீட்டுக்கு எதிர்ல ஒரு பழ வண்டி வந்திருக்கு. விக்கறவனுக்கு ஒரு பழத்தோட விலையும் தெரியலை, நம்ம வாசலைத்தான் பார்த்துக்கிட்டிருக்கான். அம்மாவுக்குக் கொண்டாட்டம். இஷ்டத்துக்கு ஒரு விலையைச் சொல்றா, அவன் தலையாட்டிக் கொடுத்துடறான். "உளவு பார்க்க வந்தா பார்க்கட்டும், பழம் நல்லாருக்கு"ங்கறா.

சிரிச்சாலும் நேரம் அதிகம் இல்லைன்னு தெரியுது. சீக்கிரம் முடி.

அக்கா


ஜூலை 6

அக்கா,

இந்தக் கடிதம் உன் கைக்கு வருமா என்று தெரியாமல் எழுதுகிறேன். போன தடவை வந்தபோது பல் டாக்டர் உன்னைப் பார்க்க முடியவில்லை என்றார். வீடு பூட்டியிருந்ததாம், பழ வண்டி மட்டும் இருந்ததாம்.

படம் வெளியே வந்துவிட்டது. இங்கே ஒரு விழாவில் முதலில் காட்டினார்கள். அரங்கம் நிறைந்து, படிகளிலும் உட்கார்ந்திருந்தார்கள். சித்தப்பா காட்சியில் சிரித்தார்கள். பிறகு அந்தக் கேள்வி வந்துவிட்டது, முன்வரிசையில் இருந்த எனக்கு முதுகில் தெரிந்தது. டீச்சர் சட்டையை மடித்தபோது ஒரு இருமல்கூட இல்லை. அன்றைக்கு நீ பக்கத்தில் இருந்திருக்க வேண்டும்.

நம் அமைச்சர் பேசியதையும் பார்த்தேன். "அந்தச் சிறை காலியாகத்தான் இருக்கிறது. படத்தில் வருபவர்கள் கூலிக்கு அழுத நடிகைகள்." சொல்லும்போது அவர் காகிதத்தைப் பார்த்துத்தான் சொன்னார்.

அதற்குப் பிறகுதான் உன்னைக் கூட்டிக்கொண்டு போனதாகக் கேள்விப்பட்டேன். அதுவும் நேரடிச் செய்தி இல்லை, ஒருவர் சொல்லி ஒருவர் சொன்னது. அம்மா பெரியம்மா வீட்டில் இருப்பதாகவும் சொன்னார்கள்.

டிக்கெட் பார்த்து வைத்திருக்கிறேன். எடிட்டிங் செய்தவள் நான். பிடிக்க வேண்டுமென்றால் என்னையும் பிடிக்கட்டும். ஒரு வரி எழுது. வா என்றால் வருகிறேன். ஒன்றும் எழுதாவிட்டாலும் வருகிறேன்.

கத்திரி


ஆகஸ்ட் 3

கத்திரி,

வராதே. இதுதான் அந்த ஒரு வரி. மிச்சத்தை நிதானமாப் படி.

கூட்டிட்டுப் போனது நிஜம். ஜெயிலுக்கு இல்லை, ஒரு அலுவலகக் கட்டடம். நல்ல நாற்காலி, குளிர்சாதனம், தூங்கத்தான் விடலை. மாத்தி மாத்தி ஆளு வந்து ஒரே கேள்வியைக் கேட்டாங்க. பயமா இருந்துச்சுன்னு சொல்லிக்கறதுல எனக்கு வெக்கம் இல்லை. ஆனா கேள்வியைக் கேக்கக் கேக்கப் பயம் குறைஞ்சுது. ஏன்னா அவங்களுக்கு நம்ம படம் புரியவே இல்லை.

"இந்தப் பொம்பளைங்களுக்கு யார் வசனம் எழுதிக் கொடுத்தது?"ன்னு ஒரு அதிகாரி கேட்டார்.

"நீங்கதான் சார். உங்க ஜன்னல்ல இருக்கிறவர் சொன்னதுதான் படத்துலயே நல்ல வசனம்."

அவர் அதை எழுதிக்கிட்டார், பாவம். அப்புறம் அதைக் கோடு போட்டு அடிச்சுட்டார்.

"வெட்டி ஒட்டினது யாரு?"

"கத்திரி."

"கத்திரின்னா யாரு? முழுப் பேரு என்ன?"

"கத்திரிதான் சார். வெட்டறது அதோட வேலை."

மேஜையைத் தட்டினார். நான் தலையைக் குனிஞ்சுக்கிட்டேன், சிரிப்பு வந்துடக் கூடாதுன்னு. கடைசியில கேமராவைப் பிடுங்கிக்கிட்டாங்க, பாஸ்போர்ட்டைப் பிடுங்கிக்கிட்டாங்க, கையெழுத்து வாங்கிக்கிட்டு அனுப்பிட்டாங்க. ஏன் அவ்வளவு சீக்கிரம் விட்டாங்கன்னு வெளியில வந்த பிறகுதான் தெரிஞ்சுது. அதைத்தான் சொல்ல வர்றேன்.

அமைச்சர் நடிகைங்கன்னு சொன்னது டி.வி.ல வந்துச்சா, அதைத் தையல்காரம்மா கடையில உட்கார்ந்து கேட்டிருக்காங்க. "ஊருக்கே சட்டை தைச்சேன், ஒருத்தன் திரும்பிப் பார்க்கலை. அழுதேன், உடனே நடிகையாக்கிட்டாங்க"ன்னு சொல்லிட்டு, வியாழக்கிழமை மகனோட அழுக்குச் சட்டைங்க அத்தனையையும் துவைக்காம எடுத்துக்கிட்டு ஜெயிலுக்குப் போயிருக்காங்க. நர்ஸும் போயிருக்கா, சீருடையோட.

நடிகைங்களைப் பார்க்கணும்னு ஊரு திரண்டு வந்திருக்கு. வேடிக்கை பார்க்க வந்தவங்கதான் முதல்ல. கொஞ்ச நேரத்துல பார்த்தா கூட்டத்துக்குள்ளேர்ந்து ஒவ்வொருத்தியா ஒரு பையோட வெளியே வர்றாங்க. இத்தனை நாளும் பயந்துக்கிட்டு ஜன்னல் பக்கமே வராதவங்க. வரிசை ரயில் பாதையைத் தாண்டிப் போயிடுச்சாம். ஜன்னலைச் சாத்திட்டாங்க. யாரும் நகரலை.

தையல்காரம்மா ஒரு கயிறை எடுத்து இந்த விளக்குக் கம்பத்துக்கும் அந்த விளக்குக் கம்பத்துக்கும் இழுத்துக் கட்டினாங்க. மகனோட சட்டையை அதுல விரிச்சுப் போட்டாங்க. பின்னாடியே ஒவ்வொருத்தரும் போட்டாங்க. பழைய சட்டை, பனியன், ஒரு கால் கிழிஞ்ச பேன்ட், ரத்தம் காய்ஞ்சு போன ஒண்ணு. ஜெயில் சுவர் முழுக்கத் துணி. காவலுக்கு நின்னவங்களுக்கு என்ன பண்றதுன்னு தெரியலை. துணி காயப் போடறது எந்தச் சட்டப்படி குத்தம்? ஒருத்தன் போய் அவிழ்க்கப் பார்த்திருக்கான். தையல்காரம்மா கேட்டாங்களாம், "தம்பி, இது உன் சட்டையா? இல்லைன்னா கையை எடு. யாரோடதுன்னு தெரிஞ்சா பேரைச் சொல்லிட்டு எடு."

அவன் கையை எடுத்துட்டான்.

சாயங்காலத்துக்குள்ள ஜன்னல் திறந்துச்சு. அத்தனை பேர் பார்க்க, ஒவ்வொரு பையா உள்ளே வாங்கினாங்க. கூட்டத்துல பாதிப் பேர் போன்ல படம் எடுத்திருக்காங்க. பார்த்தியா, என் கேமராவைப் பிடுங்கி என்ன பிரயோஜனம்?

அந்த நேரத்துல என்னை வேற உள்ளே வச்சிருந்தா இன்னொரு கயிறு கட்டுவாங்கன்னு பயந்துட்டாங்க போல. அதான் விட்டுட்டாங்க.

அதனால வராதே. நீ இங்க வந்தா உன்னைப் பிடிப்பாங்க, படத்துக்கு அங்க ஆள் இல்லாம போயிடும். பஸ் நிலையத்துல நான் சொன்ன வார்த்தையை நான் இப்ப சொல்ல மாட்டேன். இப்படி எழுதறதுக்கே பேனா நகர மாட்டேங்குது, இதுக்கு மேல எதிர்பார்க்காதே.

அக்கா


செப்டம்பர் 10

அக்கா,

உன் கடிதத்தைப் பல் டாக்டரின் முன்னாலேயே பிரித்துப் படித்தேன். படித்துவிட்டு அழுதேன். அவர் பல் வலிக்கிறதா என்று கேட்டார்.

டிக்கெட்டை ரத்து செய்துவிட்டேன். பஸ் நிலையத்து வார்த்தைக்கு நீ எழுதியதே எனக்குப் போதும். பேனாவை ரொம்பச் சிரமப்படுத்தாதே.

அந்தக் கயிற்றுத் துணிகளை ஊரார் போனில் எடுத்தது எல்லாம் எனக்கு வந்து சேர்ந்துவிட்டது. ஆட்டம், நடுக்கம், பாதியில் யாரோ ஒருவரின் கட்டைவிரல். ஆனால் எல்லாம் உண்மை. ஒன்றில் டீச்சர் நிற்பது தெரிகிறது, கயிற்றில் எதையும் போடாமல், சுத்தமான ஒரு சட்டையை மார்போடு பிடித்துக்கொண்டு. அவர் முகம் வருவதற்கு முன்பே நிறுத்திவிட்டேன். மற்றவற்றைப் படத்தின் கடைசியில் சேர்த்திருக்கிறேன். இப்போது அது பல ஊர்களுக்குப் போகிறது. இங்கே நாடாளுமன்றத்தில்கூட ஒருவர் எழுந்து, "காலியான சிறைக்கு எதற்குச் சலவை?" என்று கேட்டாராம்.

மெத்தை விளம்பரத்திலிருந்து விலகிவிட்டேன். இனி அந்தப் பெண் தானாகவே தூங்கிக்கொள்ளட்டும்.

டீச்சருக்கு ஏதாவது தெரிந்ததா? அதை மட்டும் மறக்காமல் எழுது.

கத்திரி


நவம்பர் 15

கத்திரி,

உட்கார்ந்துக்கோ. அரசாங்கம் ஒரு அறிவிப்பு விட்டிருக்கு. பழைய ஜெயிலைப் பழுதுபார்த்துத் "திறந்து" வச்சிருக்காங்களாம். வேற இடங்கள்லேர்ந்து கைதிங்களை இப்பதான் அங்க "மாத்தி"யிருக்காங்களாம். ரிப்பன் வெட்ட அமைச்சரே வந்தார். விழுந்தவன் மீசையில மண்ணு ஒட்டலைன்னு துடைச்சுக்கிட்டுப் போறார், போகட்டும். உள்ளே ஆள் இருக்குன்னு வாயைத் திறந்து சொல்லியாச்சு. பேருங்களை வெளியிட்டுட்டாங்க. வாரம் ஒரு தடவை கம்பிக்கு இந்தப் பக்கம் நின்னு பார்த்துப் பேசலாம். கொஞ்சம் பேரை விட்டும் இருக்காங்க.

நர்ஸோட தம்பி வீட்டுக்கு வந்துட்டான். இவளை ஆஸ்பத்திரியில வேலையை விட்டுத் தூக்கிட்டாங்க, ஒரு தனியார் மருத்துவமனையில சேர்ந்திருக்கா. தையல்காரம்மா மகனை விடலை. அவன் மேல வழக்குப் போட்டிருக்காங்க, நடக்கும். "வழக்குன்னா தேதி இருக்கும், நீதிபதி இருப்பார், நான் போய் முன்னாடி உட்கார்ந்துக்குவேன். ஜன்னலை விட அது எவ்வளவோ மேல்"ங்கறாங்க.

டீச்சர் முதல் தடவை பார்க்கப் போனப்ப என்னையும் கூட வரச் சொன்னாங்க. தனியாப் போக தைரியம் இல்லை. வக்கீல் வந்தார். இளைச்சுப் போயிருந்தார், ஆனா நடந்து வந்தார். அவரைப் பார்த்ததும் இவங்க கேட்ட முதல் கேள்வி என்ன தெரியுமா? எப்படி இருக்கீங்கன்னு இல்லை.

"சட்டை ஏன் சுத்தமா வந்துச்சு?"

அவர் முழிச்சார். அப்புறம் சொன்னார், "உனக்கு எதுக்குக் கவலைன்னு நானே துவைச்சு அனுப்பினேன். ரத்தக்கறையைப் பார்த்தா நீ தாங்க மாட்டே."

டீச்சர் கம்பியைப் பிடிச்சுக்கிட்டு ஒரு சத்தம் போட்டாங்க பாரு, காவலாளி எல்லாம் திரும்பிப் பார்த்தாங்க. "ரத்தத்தோட அனுப்பியிருந்தா நான் தூங்கியிருப்பேன்யா. உயிர் இருக்குன்னு தெரிஞ்சு தூங்கியிருப்பேன்." சொல்லிட்டு அங்கேயே தரையில உட்கார்ந்துட்டாங்க. அவரும் அந்தப் பக்கம் உட்கார்ந்தார். ரெண்டு பேரும் எவ்வளவு நேரம் அப்படியே இருந்தாங்கன்னு நான் பார்க்கலை. வெளியே வந்துட்டேன். கையில கேமரா இருந்திருந்தாலும் எடுத்திருக்க மாட்டேன்.

அம்மா வீட்டுக்கு வந்துட்டா. படத்தையும் பார்த்துட்டா. ஒரு பாட்டாவது வச்சிருக்கலாம்னு அவளுக்குக் குறை. பழ வண்டி போயிடுச்சேன்னு அதை விடப் பெரிய குறை.

இப்ப ஒரு வேலை. படத்தோட முடிவுல ஒரு வரி போட்டிருக்கே இல்லையா, "இந்தச் சிறை காலியாக இருப்பதாக அரசாங்கம் சொல்கிறது"ன்னு. அதை வெட்டு. அது இப்ப பழசு. அவங்களே ஒத்துக்கிட்ட பிறகும் அதை வச்சிருந்தா நாமதான் பொய் சொல்றோம்பாங்க. வெட்டிட்டுப் புதுப் பிரதியை எல்லாருக்கும் அனுப்பு.

அக்கா


டிசம்பர் 2

அக்கா,

டீச்சரைப் பற்றி நீ எழுதியதை இங்கே யாரிடமும் சொல்லவில்லை. எனக்கே வைத்துக்கொண்டேன்.

ஆனால் அந்த வரியை வெட்ட மாட்டேன்.

காலி என்றார்கள். பிறகு நடிகைகள் என்றார்கள். இப்போது புதிதாகத் திறந்தோம் என்கிறார்கள். நாளைக்குத் தையல்காரம்மாவின் மகன் வழக்கில், அவன் போன மாதம்தான் பிடிபட்டான் என்று சொல்லப்போகிறார்கள். சொல்வார்கள், பார். அன்றைக்கு நீதிபதி முன்னால் போட்டுக் காட்ட, காலி என்று அவர்கள் சொன்ன நாளும், அதே நாளில் ஜன்னல் வழியே வந்த சட்டையும் நமக்கு வேண்டும். அவர்களுடைய பொய்யை அவர்களுக்காக நாம் ஏன் துவைத்துக் கொடுக்க வேண்டும்?

அதற்குக் கீழே புதிதாக ஒரு வரி சேர்த்திருக்கிறேன்: "பிறகு மாற்றிச் சொன்னது." அதற்குக் கீழே இடம் விட்டிருக்கிறேன். இன்னும் மாற்றிச் சொல்வார்கள், சேர்த்துக்கொண்டே போகலாம்.

வழக்குக்கு வேண்டிய பிரதியில் ஒவ்வொரு துண்டுக்கும் எடுத்த தேதியைப் போட்டுத் தனியாக அனுப்பியிருக்கிறேன். பல் டாக்டர் இந்த முறை முழுத் தாடையாகவே கொண்டுவருகிறார். தையல்காரம்மாவின் மகனுக்காக வாதாடும் வக்கீலிடம் நேராகச் சேர்த்துவிடு.

நான் சொல்வது தப்பு என்று உனக்குத் தோன்றும். தோன்றினால் எழுது, நன்றாகத் திட்டி எழுது. பதில் போடுகிறேன். ஆனால் அந்த வரி இருக்கும்.

கத்திரி